ஹெலன் டவுசிக் அம்மையார்

மானிட உடலின் உறுப்புக்களுள் இருதயத்தைப் போல் இடையறாது உழைப்பது பிறிதொன்று இல்லை. தாயின் கருவிலே தொடங்கும் அதன் துடிப்பு உயிர் பிரியுங்காறும் ஓய்வதில்லை. ஆயினும், அவ்வுறுப்பு விலா எலும்புக் கூட்டினுள் மறைந்து கிடத்தலின், பிறவியிலேயே அதன்கண் அமைந்துவிட்ட குறை இன்னதென்று உயிருள்ள குழந்தையிடத்துக் கண்டறிதல் நெடுங்காலம் இயலாததாகவே இருந்தது. குழந்தை இறந்த பின்னர் உடலை அறுத்துப் பார்த்தே வைத்தியர் உண்மையை உணர்ந்தனர். அவ்வுணர்வு நூலுக்குப் பயன்பட்டதேயன்றிப் பெற்றவளின் கண்ணீரைத் துடைக்கப் பயன்படவில்லை.

இந்நிலையை மாற்றி, உயிரோடிருக்கும் குழந்தையின் இருதயத்தைக் கண்ணாற் கண்டு, அதன் குறையை வகைப்படுத்தி உரைக்க வழிகாட்டியவருள் முதன்மையானவர் ஹெலன் புரூக் டவுசிக் என்னும் அம்மையார் ஆவர். வைத்தியர் யாவரும் இருதயத்தைச் செவியால் அறிந்துவந்த காலத்திலே, செவிப்புலன் குன்றிய ஒருவர் அதனை அவர்களினும் நன்கு அறிந்தார் என்பது வியப்பன்றோ? அவ்வம்மையாரின் வரலாற்றை இங்கே சுருங்க உரைக்கப் புகுகின்றோம்.

பிறப்பும் இளமையும்

அமெரிக்க ஐக்கிய நாடுகளில், மாசாசூசெட்ஸ் மாநிலத்திலே, ஹார்வர்டு சர்வகலாசாலையைத் தன்னகத்தே கொண்ட கேம்பிரிட்ஜ் நகரில், 1898ஆம் ஆண்டு மே மாதம் 24ஆம் நாள் ஹெலன் பிறந்தார். தந்தையார் பிராங்க் வில்லியம் டவுசிக், ஹார்வர்டில் பொருளாதாரப் பேராசிரியராய் விளங்கிப் பெரும்புகழ் எய்தியவர். தாயார் ஈடித், ராட்கிளிஃப் என்னும் மகளிர் கல்லூரியில் முதன்முதற் பயின்ற மாணவியருள் ஒருவர். மக்கள் நால்வருள் ஹெலனே இளையவர்.

கற்றோர் குடியிற் பிறந்தும், கல்வி அவருக்கு எளிதாக வாய்க்கவில்லை. எழுத்துக்களைக் கண்டு கூட்டிப் படிப்பதிலே அவருக்கு இயல்பாகவே ஓர் இடர் இருந்தது. டிஸ்லெக்சியா என்று இக்காலத்தார் அறிந்து பரிவு காட்டும் அக்குறை, அக்காலத்தே மந்தபுத்தி என்றே எண்ணப்பட்டது. இதன்மேல், அவருக்குப் பதினொரு வயதாகும்போது தாயார் காசநோயால் இறந்தார். தாயற்ற அச்சிறுமியைத் தந்தையாரே அருகிருத்திக் கொண்டு, சிறிதும் சினவாது, நாள்தோறும் பாடம் சொல்லிக் கொடுத்தார். உலகறிந்த பேராசிரியர் ஒருவர் தம் மகளுக்கு எழுத்துக் கூட்டக் கற்பித்த அப்பொறுமையே பிற்காலத்தில் அம்மகளிடத்தும் குடிகொண்டது என்று நாம் கருதுகின்றோம். குழந்தைப் பருவத்திற் கண்ட கக்குவான் இருமல் அவருடைய செவியையும் ஓரளவு தாக்கியிருந்தது. அதன் முழுக் கேடும் பின்னரே வெளிப்பட்டது.

அடைத்த கதவுகள்

ராட்கிளிஃப் கல்லூரியில் ஈராண்டு பயின்ற ஹெலன், பின்பு மேற்குக் கரைக்குச் சென்று, பெர்க்கிலியிலுள்ள கலிபோர்னியா சர்வகலாசாலையில் 1921ஆம் ஆண்டு பட்டம் பெற்றார். அதன்மேல் வைத்தியம் பயில விரும்பினார். ஹார்வர்டு வைத்தியக் கலாசாலையோ அந்நாளிற் பெண்களை மாணாக்கராக ஏற்பதில்லை. 1945ஆம் ஆண்டிலேதான் அக்கதவு மகளிருக்குத் திறந்தது. பொதுச் சுகாதாரப் பள்ளியை அணுகியபோது, பெண்கள் பாடம் கேட்கலாம், பட்டம் மட்டும் பெறலாகாது என்று தெரிவித்தனர். உழைப்பை ஏற்று, அதன் பயனை மறுக்கும் இவ்விதியை அவர் ஏற்கவில்லை. எனினும் திசுக்களைப் பற்றிய பாடமொன்றை ஹார்வர்டிற் கேட்க அவருக்கு அனுமதி கிடைத்தது. ஆடவரோடு கலவாமல் விரிவுரைக் கூடத்தில் ஒருபுறம் ஒதுங்கியிருந்தே அவர் அதனைக் கேட்டார்.

பாஸ்டன் சர்வகலாசாலையில் உடற்கூற்று நூல் பயின்றபோது, அலெக்சாந்தர் பெக் என்னும் பேராசிரியர் மாட்டின் இருதயம் ஒன்றை அவர் கையிற் கொடுத்து, இதனை ஆராய்க என்று பணித்தார். வாழ்நாள் முழுதும் அவர் கைவிடாத பொருள் அன்றே அவர் கைக்கு வந்து சேர்ந்தது. அவ்வாராய்ச்சியின் பயனாக அவர் எழுதிய முதற் கட்டுரை 1925ஆம் ஆண்டு வெளிவந்தது.

பெக்கின் ஊக்கத்தால் ஹெலன் பால்டிமோர் நகரிலுள்ள ஜான்ஸ் ஹாப்கின்ஸ் வைத்தியக் கலாசாலையைச் சேர்ந்தார். அக்கலாசாலை 1893ஆம் ஆண்டு தொடங்கப்பெற்ற நாள் முதலே மகளிரையும் ஆடவரோடு ஒப்ப ஏற்று வந்தது. இதற்குக் காரணம், மேரி காரெட் என்னும் சீமாட்டியும் அவர்தம் தோழியரும் கலாசாலைக்கு வேண்டிய பெரும்பொருளை அளித்தகாலை, பெண்களையும் சேர்த்தல் வேண்டும் என்று விதித்த நிபந்தனையேயாம். முன்னே சென்ற மகளிர் சிலர் தமக்கென ஒன்றும் வேண்டாது திறந்து வைத்த வாயில் வழியே ஹெலன் நுழைந்தார். 1927ஆம் ஆண்டு வைத்தியப் பட்டமும் பெற்றார்.

கேளாச் செவியும் காணும் கண்ணும்

ஹாப்கின்ஸ் வைத்தியசாலையில் ஹாரியட் லேன் இல்லம் என்ற பெயரோடு குழந்தைகளுக்குரிய பகுதி ஒன்று இருந்தது. அதன் தலைவர் எட்வர்ட்ஸ் பார்க் என்பவர் 1930ஆம் ஆண்டு, குழந்தைகளின் இருதய நோய்ப் பிரிவை ஹெலன் அம்மையாரிடம் ஒப்படைத்தார். அந்நாளில் அங்கு வந்த சிறுவர் பெரும்பாலும் கீல்வாதக் காய்ச்சலால் இருதயம் பழுதுற்றவர்கள். பிறவிக் குறையுள்ள குழந்தைகளையும் கருத்தூன்றி ஆராய்க என்று பார்க் தூண்டினார். செய்வதற்கு ஏதுமில்லாத நோயை ஆராய்ந்து ஆவதென்ன என்ற தயக்கம் எவருக்கும் எழுவது இயல்பே. ஆயினும் அம்மையார் அப்பணியை மேற்கொண்டார்.

இவ்வேளையிலேதான் அவருடைய செவி மேலும் மேலும் கேட்குந் திறனை இழந்தது. இருதய வைத்தியருக்குச் செவி எத்தகையது என்பதை நாம் சொல்ல வேண்டுவதில்லை. ஸ்டெதஸ்கோப்பை மார்பில் வைத்து, துடிப்பினிடையே எழும் மெல்லிய முரல் ஒலிகளைக் கேட்டே இருதயத்தின் குறையை ஊகிப்பது அக்காலத்து முறை. ஒலியைப் பெருக்கிக் காட்டும் கருவியை அம்மையார் பயன்படுத்திப் பார்த்தார். பிறர் பேசுவதை உதட்டசைவால் அறியப் பழகினார். அவற்றினும் மேலாக, தம் விரல்களையே செவிகளாக்கிக் கொண்டார். குழந்தையின் சிறு மார்பின்மேற் கைவைத்து, துடிப்பின் வலிமையையும், இரத்தம் குறுகிய வழியிற் பாயுங்கால் எழும் அதிர்வையும் தொட்டே உணர்ந்தார்.

இத்தகையவருக்கு உற்ற துணையாய் வாய்த்தது ஃபுளோரோஸ்கோப் என்னும் கருவி. அதன் இயல்பைச் சிறிது விளக்குவோம். எக்ஸ் கதிர்கள் உடலை ஊடுருவிச் சென்று, வேதிப்பொருள் பூசிய திரையொன்றில் விழ, அத்திரை பசுமை கலந்த மெல்லொளி வீசும். காற்று நிறைந்த நுரையீரல் கதிர்களை எளிதில் விடுதலால் அவ்விடம் ஒளிரும். இரத்தம் நிறைந்த இருதயம் தடுத்தலால் அவ்விடம் நிழலாகும். எக்ஸ் கதிர்ப் புகைப்படம் ஒரு கணத்து நிலையையே காட்டும். இதுவோ இருதயம் சுருங்குவதையும் விரிவதையும் நிகழுங்காலத்திலேயே காட்டும். ஒளி மிக மங்கலாதலின், இருட்டறையிலே நெடுநேரமிருந்து கண்களைப் பழக்கிய பின்னரே இதனைக் காணல் கூடும்.

ஹெலன் அம்மையார் குழந்தையை நேரே நிறுத்திப் பார்ப்பதோடு அமையவில்லை. இடப்புறமும் வலப்புறமும் சாய்வாகத் திருப்பித் திருப்பி நோக்கினார். பேரியம் கலந்த கூழைப் பருகச் செய்து, இருதயத்தின் பின்னே செல்லும் உணவுக்குழலின் வடிவைக் கண்டார். அக்குழல் எங்கே அழுத்தப்பட்டுள்ளது என்பதைக்கொண்டு பெருநாடி இடப்புறம் வளைகின்றதா, வலப்புறம் வளைகின்றதா என்று அறிந்தார். நுரையீரலின் வேர்ப்பகுதியில் உள்ள தமனிகள் துடிக்கின்றனவா, துடிப்பின்றி மெலிந்துள்ளனவா என்று கவனித்தார். இவற்றோடு இருதய மின்துடிப்பு வரைபடத்தையும், கையால் உணர்ந்தவற்றையும் ஒப்பிட்டார். குழந்தை இறந்தால், பிணச் சோதனையில் வெளிப்பட்ட உண்மையோடு தாம் முன்பு எழுதிய குறிப்பை அடுக்கி வைத்து, எங்கே பொருந்தியது, எங்கே பிழைத்தது என்று தம்மையே சோதித்துக் கொண்டார்.

இவ்வாறு ஆராய்ந்து வருகையில், வலக் கீழறை வளராது குறுகிப்போன குழந்தைகளின் நிழல்கள் தம்முள் ஒத்த வடிவின என்பது அவருக்குப் புலனாயிற்று. ஒரே குறை ஒரே விதமான நிழலைத் தருமாயின், நிழலைக்கொண்டு குறையைச் சொல்லலாம் அன்றோ? இவ்வுண்மையே அவர் பணி முழுவதற்கும் அடிப்படை. இக்குறை பற்றிய அவருடைய கட்டுரை 1936ஆம் ஆண்டு வெளிவந்தது. அதே ஆண்டில், கனடா நாட்டு மான்ட்ரியால் நகரில் வாழ்ந்த மாட் ஆபட் என்னும் மற்றொரு பெண் வைத்தியர், பிறவிக் குறையுள்ள 1000 இருதயங்களின் விவரங்களைத் தொகுத்துப் படநூலொன்றை வெளியிட்டார். ஆபட் இறந்தவர்களின் இருதயங்களிற் கண்டதை, டவுசிக் உயிருள்ளவர்களின் நிழலிற் கண்டார் என்று கூறுதல் பொருந்தும்.

நீலக் குழந்தைகள்

இயல்பான இருதயத்தில் வலப்பாகம் உடலிலிருந்து வரும் கறுத்த இரத்தத்தை நுரையீரலுக்கு அனுப்பும். அங்கே பிராணவாயுவைப் பெற்றுச் சிவந்த இரத்தம் இடப்பாகத்தை அடைந்து, பெருநாடி வழியே உடலெங்கும் பரவும். சில குழந்தைகளிடத்தே நுரையீரலுக்குச் செல்லும் வாயில் குறுகியிருக்கும். கீழறைகளுக்கு நடுவே உள்ள சுவரில் துளையிருக்கும். பெருநாடி அத்துளையின்மேல் ஏறி நிற்கும். வலக் கீழறையின் தசை தடித்திருக்கும். பிரான்சு நாட்டு மார்செய் நகரில் வாழ்ந்த ஃபாலோ என்னும் வைத்தியர் 1888ஆம் ஆண்டு இந்நான்கையும் ஒருங்கே விளக்கினமையால், இது ஃபாலோவின் நாற்குறை எனப்படும். இக்குழந்தைகளின் உதடும் நகமும் நீலம் பாய்ந்திருக்கும். சில அடி நடந்தவுடன் மூச்சுத் திணறிக் குந்தி உட்கார்ந்துவிடுவர். பலர் இளமையிலேயே இறப்பர்.

இவர்களை உற்றுநோக்கிய அம்மையார் ஒன்றைக் கண்டார். கருவிலே நுரையீரல் தமனியையும் பெருநாடியையும் இணைக்கும் சிறு குழல் ஒன்று உண்டு. பிறந்த சில நாளில் அது தானே மூடிக்கொள்ளும். நுரையீரலுக்கு வழி குறுகிய குழந்தைகள் அக்குழல் திறந்திருக்குமளவும் ஓரளவு நலமாயிருந்து, அது மூடிய பின்னரே நீலம் மிகுந்து வாடினர். ஆகவே, குழந்தையை வாட்டுவது நுரையீரலுக்குப் போதிய இரத்தம் செல்லாமையே என்று அவர் தெளிந்தார். மூடிய குழலுக்கு ஈடாகப் புதியதொரு வழியை வைத்தியர் அமைத்தால் என்ன?

பாஸ்டன் நகரத்து ராபர்ட் கிராஸ் என்னும் சத்திர வைத்தியர் 1938ஆம் ஆண்டு, மூடாமல் நின்றுவிட்ட அக்குழலைக் கட்டி மூடுவதில் வெற்றி கண்டிருந்தார். அம்மையார் அவரிடம் சென்று தம் கருத்தைக் கூறினார். திறந்த குழலை மூடிப் புகழ்பெற்றவர் புதிதாய்க் குழல் அமைக்க முன்வரவில்லை. ஏமாற்றத்தோடு திரும்பிய அம்மையார் தம் எண்ணத்தைக் கைவிடாது காத்திருந்தார். 1941ஆம் ஆண்டு ஆல்பிரட் பிளாலாக் ஹாப்கின்ஸில் சத்திர வைத்தியத் தலைவராக அமர்ந்தார். அவரோடு விவியன் தாமஸ் என்னும் உதவியாளரும் வந்தார். அவ்விருவரும் முன்பு வாண்டர்பில்ட் சர்வகலாசாலையில், வேறொரு நோக்கம் பற்றி, கைக்குச் செல்லும் தமனியை நுரையீரல் தமனியோடு நாய்களிடத்து இணைத்துப் பார்த்தவர்கள். அம்மையாரின் வேண்டுகோளைக் கேட்டதும், அம்முறையே இதற்கு விடையாதல் கூடுமென அவர்கள் உணர்ந்தனர்.

விவியன் தாமஸைப் பற்றி ஈண்டு ஒரு சொல் கூறாது செல்லல் முறையன்று. நீக்ரோ மரபினரான அவர் வைத்தியராக விரும்பிச் சேர்த்துவைத்த பொருளைப் பொருளாதார வீழ்ச்சிக் காலத்தில் வங்கி முறிந்தமையால் இழந்தவர்; 1930ஆம் ஆண்டு ஆராய்ச்சிக் கூடத்து உதவியாளராய் அமர்ந்தவர். பட்டமில்லாத அவருடைய கைகளே ஏறக்குறைய 200 நாய்களிடத்துச் சோதனை செய்து, நீல நோயை உண்டாக்கி, அதனைத் தீர்க்கும் முறையையும் செம்மைப்படுத்தின.

1944ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 29ஆம் நாள், பதினைந்து மாதப் பெண் குழந்தை ஒன்றுக்கு முதன்முதலாக இச்சிகிச்சை செய்யப்பட்டது. அதன் எடை நாலரைக் கிலோவும் இல்லை. பிளாலாக் கத்தியைக் கையாண்டார். தாமஸ் அவர் பின்னே முக்காலியின்மேல் நின்று தையலின் நுட்பங்களை எடுத்துச் சொன்னார். அம்மையாரும் அங்கே உடனிருந்தார். குழந்தை பிழைத்துத் தேறியது. எனினும் சில மாதங்களில் நீலம் மீண்டும் தோன்ற, மறுமுறை செய்த சிகிச்சைக்குப் பின் அது இறந்தது. 1945ஆம் ஆண்டு பிப்ரவரியில் மேலும் இருவருக்குச் சிகிச்சை நடந்தது. மூன்றாமவனாகிய ஆறு வயதுச் சிறுவனின் நீல உதடுகள், இறுக்கியை நீக்கிய அளவிலே, மேசையின்மேற் கிடந்தபடியே செந்நிறம் பெற்றன. அவ்வாண்டு மே மாதம் பிளாலாக்கும் டவுசிக்கும் இம்மூவர் வரலாற்றையும் வைத்தியப் பத்திரிகையில் வெளியிட்டனர். தாமஸின் பெயர் அதிற் காணப்படவில்லை.

நோயறிதலின் அருமை

செய்தி பரவியதும் பல நாடுகளிலிருந்தும் நீலக் குழந்தைகளை எடுத்துக்கொண்டு பெற்றோர் பால்டிமோருக்கு விரைந்தனர். இங்கேதான் அம்மையாரின் நிழற்கலை தன் முழுப் பயனையும் காட்டிற்று. நீலமாயுள்ள குழந்தை யாவும் ஒரே நோயுடையன அல்ல. நுரையீரலுக்கு இரத்தம் குறைந்த குழந்தைக்கே இச்சிகிச்சை உயிர் தரும். நுரையீரலில் இரத்தம் ஏற்கனவே மிகுந்துள்ள குழந்தைக்கு இதனைச் செய்தால் உயிர் போகும். வெளித்தோற்றத்தில் இருவரும் ஒருவரே போல்வர். வேறுபாடு உள்ளே இருக்கின்றது. எனவே, கத்தியை எடுப்பதா, எடுக்காது விடுவதா என்ற முடிவு இருட்டறையிலே மங்கிய திரையின்முன் நின்ற அவ்வம்மையாரின் கண்களைச் சார்ந்திருந்தது. குழந்தையை வெளியே தூக்கிக்கொண்டு நின்ற தாய்க்கு ஆம் என்றோ அன்று என்றோ கூற வேண்டியவரும் அவரே.

இதற்கு எடுத்துக்காட்டாக, 1949ஆம் ஆண்டு அவரும் ரிச்சர்டு பிங் என்னும் ஆராய்ச்சியாளரும் சேர்ந்து வெளியிட்ட அரியதொரு பிறவிக் குறையைக் கூறலாம். இக்குறையுள்ள இருதயத்தில் பெருநாடி இடக் கீழறையிற் பிறவாது, முற்றும் வலக் கீழறையினின்றே புறப்படும். நுரையீரல் தமனியோ பருத்து, நடுச்சுவரில் உள்ள துளையின்மேல் ஏறி நிற்கும். இதனால், பிராணவாயு பெற்றுவந்த செவ்விரத்தம் மீண்டும் நுரையீரலுக்கே சென்றுவிட, உடலுக்குக் கறுத்த இரத்தமே மிகுதியாகப் போகும். குழந்தை பிறந்தது முதலே நீலமாயிருக்கும். ஃபாலோவின் நாற்குறையோ என்று காண்போர் மயங்குவர். ஆனால், திரையில் நோக்கினால் நாற்குறையில் நுரையீரல் தமனி இருக்க வேண்டிய இடம் குழிந்தும், நுரையீரல் வெளிறியும் தோன்றும். இக்குறையிலோ அவ்விடம் புடைத்தும், நுரையீரல் தமனிகள் வலிமையாய்த் துடித்தும் தோன்றும்.

பிங் மெல்லிய குழாயொன்றை இரத்தக்குழாய் வழியே இருதயத்துள் செலுத்தி, அவ்வவ்விடத்து இரத்தத்தை எடுத்துப் பிராணவாயுவை அளப்பதில் வல்லவர். இம்முறைக்கு வித்திட்டவர் 1929ஆம் ஆண்டு தம் இருதயத்தினுள்ளேயே குழாய் செலுத்திப் படமெடுத்த ஜெர்மானியராகிய ஃபோர்ஸ்மன். நுரையீரல் தமனியில் உள்ள இரத்தம் உடலுக்குச் செல்லும் இரத்தத்தினும் பிராணவாயு மிக்கிருத்தல் இக்குறையின் சிறந்த அடையாளம். இவ்வாறு நிழலும் அளவும் ஒன்றையொன்று உறுதிசெய்தன. இன்றளவும் இக்குறைக்கு டவுசிக்–பிங் குறை என்றே பெயர் வழங்குகின்றது. அன்று தீர்வில்லாதிருந்த இதற்கு, தமனிகளை இடமாற்றிப் பொருத்தும் சிகிச்சை பிற்காலத்தில் வாய்த்தது. அத்தகைய இடமாற்றத்தைப் பிரேசில் நாட்டு ஜாடெனே என்பவர் 1975ஆம் ஆண்டு முதன்முதலில் வெற்றியோடு செய்தார்.

தாம் கண்டவற்றையெல்லாம் தொகுத்து, பிறவி இருதயக் குறைகளைப் பற்றிய பெருநூலொன்றை அம்மையார் 1947ஆம் ஆண்டு வெளியிட்டார். குழந்தை இருதய வைத்தியம் என்னும் தனித்துறை அந்நூலின்மேல் எழுந்ததெனலாம். பல நாட்டு இளம் வைத்தியர் அவரிடம் வந்து பயின்று தம் நாடுகளுக்கு மீண்டனர். தாம் கண்ட குழந்தைகளை அவர் மறந்தாரல்லர். அவர்கள் வளர்ந்து பெரியோரான பின்னும் அவர்தம் நலத்தைக் கேட்டறிந்து குறித்து வந்தார்.

பிற்கால வாழ்வு

1962ஆம் ஆண்டு, தம்மிடம் பயின்ற ஜெர்மானிய வைத்தியர் ஒருவர் வாயிலாக, அந்நாட்டிலே கைகால் குறைந்த குழந்தைகள் மிகுதியாய்ப் பிறப்பதை அம்மையார் அறிந்தார். தாலிடோமைடு என்னும் உறக்க மருந்தைக் கருவுற்ற மகளிர் உண்டதே அதன் காரணம் என்று அங்கே ஐயுறவு எழுந்திருந்தது. தம் அறுபத்து மூன்றாம் வயதில் அவர் உடனே ஜெர்மனிக்குச் சென்று, குழந்தைகளை நேரே கண்டு உண்மை தெளிந்து மீண்டார். அமெரிக்க அரசாங்க அதிகாரியான பிரான்சஸ் கெல்சி என்னும் அம்மையார் அம்மருந்தின் விற்பனைக்கு அனுமதி கொடாது தடுத்து வைத்திருந்தார். டவுசிக் அம்மையார் நாடெங்கும் பேசியும், சட்டசபைக் குழுவின்முன் சாட்சி கூறியும் அபாயத்தை விளக்கினார். அவ்வாண்டு அக்டோபர் மாதம் மருந்துகளின் சோதனையைக் கடுமையாக்கும் சட்டம் நிறைவேறிற்று.

சிறப்புக்கள் அவருக்கு வந்தன. ஆயினும் காலந்தாழ்த்தே வந்தன. பிளாலாக் 1945ஆம் ஆண்டிலேயே தேசிய அறிவியற் கழகத்தின் உறுப்பினரானார். அம்மையார் அவ்விடத்தை அடைந்தது 1973ஆம் ஆண்டில். ஹாப்கின்ஸில் முழுப் பேராசிரியர் பதவி அவருக்குக் கிடைத்தது 1959ஆம் ஆண்டில். அப்போது அவருக்கு வயது 61. 1964ஆம் ஆண்டு குடியரசுத் தலைவர் ஜான்சன் நாட்டின் உயர்ந்த விருதை அளித்தார். 1965ஆம் ஆண்டு அமெரிக்க இருதயச் சங்கத்தின் முதற் பெண் தலைவரானார். தாமஸுக்கும் ஹாப்கின்ஸ் 1976ஆம் ஆண்டு கௌரவ டாக்டர் பட்டம் வழங்கிற்று. அச்சிகிச்சையை இக்காலத்தார் பிளாலாக்–தாமஸ்–டவுசிக் சிகிச்சை என மூவர் பெயராலும் வழங்கத் தலைப்பட்டுள்ளனர். ஹாப்கின்ஸ் வைத்தியக் கலாசாலை மாணாக்கர் இன்று நான்கு பிரிவினராக வகுக்கப்பட்டுள்ளனர். அவற்றுள் ஒன்று தாமஸின் பெயரும், மற்றொன்று டவுசிக்கின் பெயரும் தாங்கி நிற்கின்றது.

1963ஆம் ஆண்டு பதவியினின்று விலகிய பின்னும் அவர் ஆராய்ச்சியை விடவில்லை. பிறவிக் குறைகளின் மூலத்தை அறியப் பறவைகளின் இருதயங்களை ஆராய்ந்து கொண்டிருந்தார். 1986ஆம் ஆண்டு மே மாதம் 20ஆம் நாள், பென்சில்வேனியா மாநிலத்திலே, வாக்களிக்கச் செல்வோரைத் தம் மோட்டாரில் ஏற்றிச் சென்று உதவுகையில், விபத்தொன்றில் உயிர் நீத்தார். எண்பத்தெட்டு வயது நிறைய நான்கு நாட்களே இருந்தன. தம் உடலையும் அவர் வைத்தியக் கலாசாலைக்கே அளித்திருந்தார்.

முடிவுரை

இக்காலத்தில் ஒலியலைகளால் இருதயத்தின் அறைகளையும் வால்வுகளையும் அசைவோடு காண்கின்றனர். கருவிலிருக்கும் சிசுவின் இருதயத்தையும் காண்கின்றனர். இருட்டறையும் பசிய திரையும் பழங்கதையாயின. ஆயினும், கண்ட வடிவிலிருந்து காணாத குறையை உய்த்துணரும் நெறி அன்று அமைந்ததேயாம்.

பிறவிக் குறையுள்ள குழந்தையைக் கண்டால், இது யார் செய்த பாவம் என்று வினவுவது உலகியல்பு. நம் ஊர்களிலும் அப்பழி பெரும்பாலும் தாயின்மேலேயே சுமத்தப்படுகின்றது. பிறவிக் குருடனைக் காட்டிச் சீடர் இவ்வாறே வினவியபோது, நம் ஆண்டவர் பெற்றோர்மேலும் பழி சுமத்தவில்லை, பிள்ளைமேலும் பழி சுமத்தவில்லை. அவனுக்குப் பார்வையளிக்கும் செயலிலேயே புகுந்தார். டவுசிக் அம்மையாரும் யார் பிழை என்று கேளாது, என்ன குறை என்றே கேட்டார். அக்கேள்வியே குழந்தைகளுக்கு வாழ்வு தந்தது. எழுத்துக் கூட்ட இடர்ப்பட்ட கண்ணும், ஒலி கேளாத செவியும் பெற்ற ஒருவர், தம்மிடம் இல்லாததை எண்ணி வருந்தாது, உள்ள தாலந்தை மண்ணிற் புதைத்து வையாது, வாணிகஞ் செய்து பெருக்கினார். கல்வி கற்கும் நாமும் நம்மிடத்து உள்ளது யாதென ஆராய்ந்து, அதனை எளியோர்க்குப் பயன்படுத்துவோமாயின், அவர் வரலாற்றைப் படித்த பயனை அடைந்தவராவோம்.